மறு: ‘போர் நிதி’ போதுமா? ‘போர் நிதியாக்கம்’ என்று வைக்கலாமா?

நண்பர்களுக்கு வணக்கம். ‘War finance’ என்பதற்குத் தமிழ்ச்சொல் தேடும் நம் உரையாடலில் ஐயா ஒருவர் எழுதியது:

> ‘போர் நிதி’ என்றே வைத்துவிடலாம். எளிதாக இருக்கிறது.

எளிதுதான் ஐயா. ஆனால் நிதி என்றதும் நிவாரண நிதி, வைப்பு நிதி போலச் சேர்த்துவைத்த தொகைதான் நினைவுக்கு வருகிறது. நாம் பெயர் தேடுவதோ, சண்டை நடக்கும்போதே ஓர் அரசு செலவுக்குப் பணம் புரட்டும் வழிகளுக்கு. நம் குழுவில் ஓர் அம்மா முன்வைத்த ‘நிதித்திரட்டல்’ இதைவிட நெருங்கி வருகிறது. ஆனாலும் நோட்டடிப்பது, அதாவது அரசே புதிதாகப் பணத்தாள் அச்சிட்டுச் செலவழிப்பது, அதில் அடங்காது. இல்லாத பணத்தை எங்கிருந்து திரட்டுவது?

நோட்டடிப்பதை விட்டுவிட்டால் பாதி வரலாறு போய்விடும். 1861 முதல் 1865 வரை நடந்த அமெரிக்க உள்நாட்டுப் போரைப் பாருங்கள். வடக்கு மாநிலங்களின் அரசும் பிரிந்துபோன தெற்கு மாநிலங்களின் அரசும் மோதின. வடக்கும் நோட்டடித்தது. ஆனால் கூடவே வருமான வரி போட்டது. ஜே குக் என்ற வங்கியாளரின் முகவர்கள் 50 டாலர் அரசுக் கடன் பத்திரங்களைக்கூடச் சாதாரண மக்களிடம் விற்றார்கள். விலைவாசி ஏறத்தாழ 80 சதவீதம் உயர்ந்ததோடு நின்றது. தெற்கின் செல்வமெல்லாம் நிலத்திலும் அடிமைகளிலும் முடங்கிக் கிடந்தது. வரி போட அரசு தயங்கியது. கடற்படை முற்றுகையால் பருத்தி ஏற்றுமதியும் படுத்துவிட்டது. மிஞ்சியது அச்சகம்தான். செலவில் பாதிக்கும் மேல் நோட்டடித்தே சமாளித்தார்கள். விலைகள் பல பத்து மடங்கு ஏறின. 1863 ஏப்ரலில் தெற்கின் தலைநகர் ரிச்மண்டில் பெண்கள் ரொட்டி கேட்டுத் திரண்டு கடைகளை உடைத்தார்கள். வீட்டில் பட்டினி என்று கடிதம் வந்தால் படைவீரன் களத்தில் எப்படி நிற்பான்?

ஆகவே என் பரிந்துரை ‘போர் நிதியாக்கம்’. ஆக்கம் என்றால் உண்டாக்குதல். செல்வம் என்ற பழைய பொருளும் அதற்கு உண்டு. கிளைச்சொற்களும் சுலபமாகக் கிடைக்கின்றன: வரிவழி, கடன்வழி, அச்சுவழி நிதியாக்கம். எந்த வழி எவ்வளவு என்ற விகிதம் போரின் போக்கையே பாதிக்கலாம் என்பதால் இந்தப் பிரிப்பு நமக்குக் கட்டாயம் வேண்டும். ‘போர்ப் பொருளாதாரம்’ வேறு. ஆலைகள், ரேஷன் எல்லாம் அதில் வரும். இரண்டையும் குழப்ப வேண்டாம்.

ஓர் இடம் மட்டும் இடிக்கிறது. இரண்டாம் உலகப் போரின்போது 1941இல் அமெரிக்கா கொண்டுவந்த கடன்-குத்தகை (Lend-Lease) ஏற்பாட்டில் நேச நாடுகளுக்குப் போனவை டாங்கியும் விமானமும் உணவும், ரொக்கம் அல்ல. இதை ‘அயல்வழி நிதியாக்கம்’ என்று சேர்க்கலாமா, தனிச்சொல் வேண்டுமா? பொருளியல் படித்தவர்கள் சொல்லுங்கள்.