தானா மின்னுத கிரகம் உண்டா? (மகளுக்க கதைக்குக் கேக்கேன்)

முட்டத்துக்காரன்:
எனக்க மக எட்டாங்கிளாஸ். பள்ளிக்கூடத்துல கதைப் போட்டிக்கு ‘கவரு’ன்னு ஒரு கிரகத்தைப் பத்தி நாலு பக்கம் எழுதினா. அங்க பாதி உலகத்துக்கு எப்பவும் ராத்திரிதான். கடல்தான் வெளிச்சம். வீட்டுல விளக்கு கிடையாது. ஒரு செம்புல கடத்தண்ணி கோரி வச்சு, வேணுங்கும்போ கையை விட்டுக் கலக்கினா போதும். பேரு அவ அம்மா வழியா வந்தது. வீட்டுக்காரி பூவாறு பக்கம், ராத்திரி கடல் நீலமா மின்னுனா அவிய ‘கவரு’ம்பாவ.

நோட்டு திரும்பி வந்துது. முதல் பக்கத்துலயே சிவப்பு மையில ‘கோள்களுக்குச் சுய ஒளி கிடையாது’. மிச்சம் மூணு பக்கத்தை வாசிச்ச அடையாளம்கூட இல்ல. பிள்ளை ரெண்டு நாளா அந்த நோட்டைத் தொடல்ல. நான் மஸ்கட்டுல போட்டு மெக்கானிக்கு, எஞ்சின்னா சொல்லிக்குடுப்பேன். இதுக்கு என்ன சொல்லட்டும்? கிரகம் தானா மின்னவே மின்னாதா? அப்படி மின்னுனா அங்க உள்ளவிய எப்படிப் பிழைப்பாவ?

ஓய்வுபெற்ற இயற்பியல், நாகர்கோவில்:
பரீட்சைக்கு அந்தச் சிவப்பு வரி சரி. கதைக்கு அவசரப்பட்டுவிட்டார்கள்.

வெள்ளியையே பாருங்கள். விடியக்காலம் நாம் பார்க்கும் பளபளப்பு சூரிய வெளிச்சம்தான். அதன் மேகம் முக்கால் பங்கைத் திருப்பி அனுப்பிவிடும். ஆனால் மேகத்துக்கு அடியில் தரையின் சூடு ஏறக்குறைய 460 டிகிரி செல்சியஸ். கொல்லன் உலையில் இரும்பு சிவக்கத் தொடங்குவதற்குச் சற்று முந்தின சூடு. நாசாவின் பார்க்கர் விண்கலம் 2020 ஜூலையிலும் 2021 பிப்ரவரியிலும் வெள்ளியின் இருட்டுப் பக்கத்தைப் படம் எடுத்தபோது, அந்தத் தரையின் மங்கல் ஒளி மேகத்தைத் தாண்டி வந்து கேமராவில் விழுந்தது. அது சூரியனிடம் கடன் வாங்கின ஒளி அல்ல. 2017இல் அறிவிக்கப்பட்ட, வேறொரு விண்மீனைச் சுற்றும் கெல்ட்-9பி என்ற கோளின் பகல் பக்கம் 4,000 டிகிரிக்கும் மேல். பல விண்மீன்களே அவ்வளவு சுடாது.

இப்படித் தூரத்துக் கோளின் ஒளியை அளக்கும் முறை அழகானது. கோள் தன் விண்மீனுக்குப் பின்னால் மறையும்போது மொத்த வெளிச்சம் ஒரு மயிரிழை குறையும். அந்தக் குறைச்சல்தான் கோளின் பங்கு. 2005இல் ஸ்பிட்சர் தொலைநோக்கி வைத்து முதன்முதலில் இப்படிப் பிடித்தார்கள்.

உங்கள் மகளின் கவரு சூட்டில் மின்னவில்லை, உயிரில் மின்னுகிறது. இதில் ரெண்டு வகை உண்டு. நாக்டிலூக்கா என்ற நுண்ணுயிர் அசைத்தால்தான் மின்னும். செம்பில் கையை விட்டுக் கலக்குகிறாளே, அது இதுதான். பாக்டீரியா அப்படியில்லை, சும்மாவே நின்று ஒளிரும். 1995 ஜனவரியில் சோமாலியாவுக்கு அப்பால் லிமா என்ற சரக்குக் கப்பல் பால் போல் வெளுத்த கடல் வழியாகப் போனது. பிற்பாடு செயற்கைக்கோள் படங்களைத் தேடிப் பார்த்தால் 15,400 சதுர கிலோமீட்டர் ஒளிர்ந்திருக்கிறது. நம் குமரி மாவட்டம் மாதிரி ஒன்பது.

பாதி உலகம் ராத்திரி என்பதும் தப்பில்லை. 2016இல் கண்ட பிராக்சிமா பி என்ற கோள் 4.2 ஒளியாண்டில் இருக்கிறது, அதன் விண்மீனை 11 நாளில் சுற்றிவிடும். அவ்வளவு நெருக்கத்தில் ஒரே முகத்தைக் காட்டிக்கொண்டே சுற்ற வாய்ப்பு அதிகம். ஒரே சங்கடம், கடல் மின்னுவதை இங்கிருந்து பார்க்க முடியாது. விண்மீனின் வெளிச்சம் அமுக்கிவிடும். யாராவது அங்கே போய்த்தான் ஆகவேண்டும்.

குறும்பனை பேரன்:
தாத்தா சொல்லியத நான் டைப் அடிக்கேன். வயசு எண்பது தாண்டியாச்சு, கட்டுமரத்துல போனவரு.

“மக்களே, கதை கொள்ளாம். ஒரு காரியம் விட்டுப்போச்சு. கடல் மின்னுத ராத்திரி மடிவலை வளைச்சுப் பாத்திருக்கியா? கண்ணிக்குக் கண்ணி தீப்பிடிச்சது கணக்கா தெரியும். நமக்குத் தெரிஞ்சா மீனுக்கும் தெரியும்லா? விலகிப் போயிரும். ஆனா சாளை கூட்டமா வந்தா அதுவும் மறைய முடியாது, தண்ணிக்கடியில வெளிச்சம் உருண்டு வாறது போல இருக்கும். பாத்துட்டு முன்னால போய் நிக்கணும். வருசம் முச்சூடும் மின்னுத கடலுன்னா அங்க உள்ளவன் மடியை நம்ப மாட்டான். தூண்டில்காரனாத்தான் இருப்பான். துடுப்பைச் சத்தமில்லாம போடவும் படிச்சிருப்பான், ஒரு துழாவலுக்கே அவன் வாற வழி முழுக்கக் கோடு விழுமே. களவாணிக்குப் பிழைப்பே இல்லாத ஊரு!”

கடைசி வரிக்கு அவரே அஞ்சு நிமிசம் சிரிச்சாரு.

மார்த்தாண்டம் தமிழாசிரியை:
சங்கப் பாட்டில் நாண்மீன், கோண்மீன் என்று விண்மீனையும் கோளையும் பிரித்தே சொன்னார்கள். வெள்ளி தெற்கே சாய்ந்தால் மழை பொய்க்கும் என்ற பயமும் இருந்தது. நமக்கு வானம் பார்த்துப் பயம் என்றால் கவருக்காரர்களுக்குக் கடல் பார்த்துத்தான் பயம் வரும். கடல் ஒரு நாள் மங்கினால் அவர்களுக்கு அது பஞ்சமா, சாவா, திருவிழாவா? அதை எழுதச் சொல்லுங்கள். செம்புத் தண்ணியைத் தினம் மாற்றுகிறார்களா என்றும் கேளுங்கள், நாறிப்போகும்.

முட்டத்துக்காரன்:
போன்லயே எல்லாத்தையும் வாசிச்சுக் குடுத்தேன். மடியை வெட்டிட்டு தூண்டில் ஆக்கியாச்சு. தண்ணி மாத்துதது அந்த வீட்டுச் சின்னப்பிள்ளைக்கு வேலையாம். டீச்சர் கேட்டதுக்கு இன்னும் பதில் வரல்ல, யோசிக்கா. இப்ப அவளுக்க கேள்வி தாத்தாவுக்கு: அந்தக் கடல் மீனு செத்த பிறகும் மின்னுமா?

குறும்பனை பேரன்:
“இங்கேயே மின்னும் மக்களே. கரண்டு இல்லாத காலம், ஒரு ராத்திரி உங்க பாட்டி கழுவாம வச்ச மீனு அடுக்களை மூலையில பச்சையும் நீலமுமா கிடந்துது. பேயின்னு அலறிட்டா. நான் விளக்கைக் கொண்டுபோனேன், வெறும் மீனு. விளக்கை ஊதினேன், திரும்பவும் மின்னுது. மறுநாள் அத யாரும் திங்கல்ல.”