களிமண் தரையில் எம்15 டென்னிஸ் போட்டி: தம்பியை அனுப்பலாமா?

சாட்ஸ்வொர்த் அக்கா: தம்பிக்கு 19 வயது, தென்னாப்பிரிக்காவில், டர்பனில் சிமென்ட் தரையிலேயே டென்னிஸ் ஆடி வளர்ந்தவன். இப்போ துருக்கி அன்டால்யாவில் களிமண் தரையில் எம்15 (தொழில்முறை ஆண்கள் டென்னிஸின் முதல் படிப் போட்டி) ஆடணும் என்கிறான். மொத்தப் பரிசே 15,000 டாலர், அதையும் எல்லாரும் பங்கு போடணும், விமான டிக்கெட்டை ரேண்டில் பார்த்தாலே தலை சுற்றுகிறது. போகலாமா?

பீனிக்ஸ்காரன்: தாராளமா அனுப்புங்க அக்கா. ஒரே ஊரில் அடுத்தடுத்த வாரம் போட்டி இருக்கும், பயணச் செலவு மிச்சம். பட்டம் வென்றால் 15 ஏடிபி புள்ளி, அதாவது ஆண்கள் உலகத் தரவரிசைப் புள்ளி. மேல்மட்ட சேலஞ்சர் போட்டிகளுக்குப் போக இதுதான் வழி.

ஜோபர்க் கோச்: புள்ளி இருக்கட்டும், முதலில் கால் பழகணும். இங்கே ஜோபர்க் (ஜோகன்னஸ்பர்க்) கடல் மட்டத்தைவிட ரொம்ப உயரம், அந்த உயரத்தில் பந்து பறக்கும். களிமண்ணிலோ வேகம் குறைந்து தோள் வரை எழும்பும், சர்வீஸை மட்டும் நம்பி ஆடினால் கதை கந்தல்தான். சறுக்கிக்கொண்டே வந்து அடிக்கணும், அடித்தபின் சறுக்கினால் அடுத்த பந்துக்குத் திரும்ப முடியாது. அடிப்பாகம் மீன்முள் மாதிரி வரி போட்ட ஷூ வாங்குங்க, இடுக்கில் சேரும் செம்மண்ணை டென்னிஸ் மட்டையால் தட்டிவிடணும்.

சாட்ஸ்வொர்த் அக்கா: சரி அண்ணா, முதல் போட்டிக்கு ஒரு வாரம் முன்னாடியே போய்ப் பழகச் சொல்கிறேன். ஷூ இங்கேயே வாங்கிடலாமா?