வங்கிக் கடன் தவணையை நீதிமன்றம் குறைக்குமா?

கேள்வி (சாட்ஸ்வொர்த், தென்னாப்பிரிக்கா): என் அண்ணனுக்கு வேலை போய், இப்போது பாதிச் சம்பளத்தில் வேறோர் இடத்தில் இருக்கிறார். வீட்டுக் கடன், வண்டிக் கடன் இரண்டும் நிலுவையில் உள்ளன. தவணை தவறியதற்காகத் தேசியக் கடன் சட்டத்தின் 129-ஆம் பிரிவின்படி வங்கி அனுப்பிய அறிவிப்பு நேற்று வந்தது. இனி நீதிமன்றத்தை நாட வழியுண்டா?

பதில் (ஃபீனிக்ஸ்): உண்டு ஐயா, ஆனால் தாமதிக்க வேண்டாம். அறிவிப்பு கிடைத்து 10 வேலை நாட்கள் கடந்தபின் வங்கி வழக்குத் தொடுத்துவிட்டால், அந்தக் கடனைக் கடன் மறுஆய்வில் (ஆலோசகர் வழியாகத் தவணையைத் திருத்தியமைக்கும் ஏற்பாட்டில்) சேர்க்க இயலாது. 2005-ஆம் ஆண்டின் தேசியக் கடன் சட்டப்படி பதிவுபெற்ற கடன் ஆலோசகர், சம்பளச் சீட்டு, பள்ளிக் கட்டணம், மளிகைச் செலவு வரை அனைத்தையும் பார்த்து, வருமானம் கடனுக்குப் போதாது என்று கண்டால் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்துக்குப் பரிந்துரைப்பார். நீதிமன்றம் காலத்தை நீட்டித்து மாதத் தவணையைக் குறைக்கலாம். இது தள்ளுபடி அன்று. காலம் நீள்வதால் மொத்த வட்டி கூடவும் செய்யும்.

பதில் (பீட்டர்மாரிட்ஸ்பர்க்): மறுஆய்வு முடியும்வரை புதுக் கடனோ கடன் அட்டையோ கிடையாது என்பதை அண்ணியிடமும் இப்போதே சொல்லிவிடுங்கள், தீபாவளிச் செலவில்தான் பலர் சறுக்குகிறார்கள்.

பதில் (லெனேசியா): வீடு உடனே ஏலத்துக்குப் போய்விடும் என்று அஞ்ச வேண்டாம். குடியிருக்கும் வீட்டை விற்க நீதிமன்றத்தின் மேற்பார்வை வேண்டும் என்று அரசியலமைப்பு நீதிமன்றம் 2004-இலேயே தீர்ப்பளித்துள்ளது. ஆயினும் நீதிமன்ற அழைப்பாணை வந்தால் பதில் தராமல் இருந்துவிடாதீர்கள். வக்கீலுக்குக் கட்ட வசதியில்லையென்றால் சட்ட உதவி அலுவலகத்தில் விண்ணப்பிக்கலாம்.