ஊர் வீட்டைப் பூட்டிவிட்டு அம்மாவைக் கோவைக்கு அழைத்துப் போகிறோம்: கரண்ட், கேஸ், தண்ணீர் இணைப்பை என்ன செய்வது?

குத்தாலத்துப் பையன்:

வணக்கம். மாயவரம் பக்கம், குத்தாலத்துக்குத் தெற்கே ஒரு கிராமம். அப்பா தவறிய பிறகு அம்மா ஊரில் தனியாகத்தான் இருந்தார்கள். முழங்கால் வலி கூடிவிட்டதால் ஆவணிக் கடைசியில் கோவைக்கு என்னோடு அழைத்துப் போகிறேன். வீட்டை விற்கும் எண்ணமில்லை, வாடகைக்கு விடவும் அம்மாவுக்கு மனசில்லை. "கடைமுழுக்குக்கும் பொங்கலுக்கும் கொண்டு வந்து விட்டுடணும்" என்ற நிபந்தனையோடுதான் கிளம்பவே சம்மதித்திருக்கிறார்கள் (கடைமுழுக்கு என்பது ஐப்பசிக் கடைசி நாளில் மாயவரத்தில் காவிரியில் முழுகுவது).

கரண்ட் சர்வீஸ் இன்னும் தாத்தா பெயரில் இருக்கிறது, அவர் காலமாகி வெகுகாலம் ஆகிறது. மீட்டர் ரேழியில், வாசல் கதவைத் தாண்டி உள்ளே. கேஸ் அம்மா பெயரில், ரெண்டு சிலிண்டர். கோவையில் எனக்குத் தனியாகக் கனெக்‌ஷன் இருக்கிறது. இதுபோக ஊராட்சிக் குழாய், அப்பா வைத்திருந்த பிஎஸ்என்எல் லேண்ட்லைன், அரசு கேபிள் பாக்ஸ்.

சித்தப்பா சொல்வது: "ஆளில்லாத வீட்டுக்கு எதுக்குடா கரண்ட்டு, எழுதிக் குடுத்து நிறுத்திடு, டெபாசிட்டாவது வரும்." அப்படிச் செய்யலாமா? அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்.

ரேழி வாசி:

தம்பி, எழுதிக் கொடுத்துவிடாதீர்கள். சித்தப்பா பழைய கணக்கில் பேசுகிறார். முன்பு ஒரு யூனிட் ஓடாவிட்டாலும் ரெண்டு மாசத்துக்கொரு நிலைக்கட்டணம் வரும். 2022 செப்டம்பரில் கட்டணம் மாற்றியபோது வீட்டு இணைப்புகளுக்கு அதை எடுத்துவிட்டார்கள். முதல் 100 யூனிட் இலவசம் என்பது 2016-லிருந்தே இருக்கிறது. ஆக, பூட்டிய வீட்டில் மீட்டர் ஓடவில்லை என்றால் பில் பூஜ்யம். எதை மிச்சம் பிடிக்க இணைப்பை வெட்டுவது?

வெட்டினால் டெபாசிட் வரும், உண்மைதான். பாக்கி இருந்தால் கழித்துக்கொண்டு மீதியைத் தருவார்கள். ஆனால் அது தாத்தா காலத்தில் கட்டிய டெபாசிட். திரும்ப வேண்டுமென்றால் புது சர்வீஸ் என்று விண்ணப்பித்து, இன்றைய கட்டணங்கள் எல்லாவற்றையும் கட்டி, உரிமைப் பத்திரமும் காட்ட வேண்டும். தாத்தா பெயரில் இருக்கும் வீட்டுக்கு அந்தக் காகிதத்தைத் திரட்டுவதற்குள் கடைமுழுக்கு முடிந்து, மறுநாள் வரும் முடவன் முழுக்கும் போய்விடும்.

உங்கள் உண்மையான தொல்லை மீட்டர் ரேழியில் இருப்பது. ரீடிங் எடுக்க வருபவர் கதவு பூட்டியிருந்தால் "டோர் லாக்" என்று போட்டுவிட்டுப் போவார். அப்போது பில் பூஜ்யமாக வராது. முந்தைய பில்லை வைத்து ஒரு தொகை போடுவார்கள். அம்மா கோடையில் ஃபேன், ஃப்ரிட்ஜ் ஓட்டிய கணக்கு ஆளில்லாத மாசத்துக்கும் வரும். பிறகு ரீடிங் எடுக்கும்போது சரிசெய்வார்கள் என்றாலும் அதுவரை கட்டியாக வேண்டும். கட்டாமல் விட்டால் முதலில் சப்ளையை நிறுத்துவார்கள். அப்படியே நாள் ஓடினால் ஒப்பந்தமே முடிந்து சர்வீஸை எடுத்துவிடுவார்கள். எங்கள் தெருவில் சிங்கப்பூரில் இருக்கும் ஒருவர் வீட்டுக்கு அதுதான் நடந்தது.

எனவே கிளம்பும் முன் ஈபி செக்‌ஷன் ஆபீஸில் மீட்டரைத் திண்ணைச் சுவருக்கு மாற்றித்தரச் சொல்லி விண்ணப்பம் போடுங்கள். இணையத்திலேயே போடலாம்.

பேரளம் வயரிங்:

அண்ணன் சொல்றது சரி. ஒண்ணு மட்டும் கவனம்: மீட்டர் சீலை நம்ம ஆள் யாரும் தொடக்கூடாது, ஈபி ஆளுங்கதான் கழட்டி மாட்டணும். மீட்டர்லேருந்து உள்ள மெயின் போர்டு வரைக்கும் ஒயர் இழுக்கிறது நம்ம வேலை. திண்ணையில சாரல் அடிக்கிற பக்கமா வைக்காதீங்க, கதவு போட்ட பொட்டிக்குள்ள வைங்க, கண்ணாடி வழியா ரீடிங் தெரியணும். இந்தப் பக்கம் ஐப்பசி, கார்த்திகை மழை எப்படி அடிக்கும்னு உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்ல.

கிளம்பற அன்னிக்கு மெயின் ஸ்விட்சை ஆஃப் பண்ணி ஃப்யூஸ் கேரியரைப் பிடுங்கி தனியா வச்சிடுங்க. இன்வெர்ட்டர் இருந்தா அதையும் நிறுத்தி பேட்டரி ஒயரைக் கழட்டுங்க. மெயினை நிறுத்தினாலும் இன்வெர்ட்டர் லைன்ல கரண்ட் இருக்கும், நிறைய பேர் இதை நினைக்கிறதே இல்ல. ஃப்ரிட்ஜைக் காலி பண்ணித் துடைச்சு, கதவு மூடாம ஒரு துணியைச் சொருகி வைங்க.

ஓட்டு வீடா? அறுவடை முடிஞ்சா எலியெல்லாம் வயல்லேருந்து வீட்டுக்குத்தான் வரும், பரண் மேல ஓடுற ஒயரைக் கொறிச்சு வச்சிருக்கும். திரும்பி வந்ததும் மெயினைப் போட்டுட்டு ஈரக் கையோட ஸ்விட்சைத் தொடாதீங்க. ஆர்சிடி (கரண்ட் கசிஞ்சா தானா ஆஃப் ஆகுற ஸ்விட்ச்) இல்லைன்னா 30 மில்லி ஆம்பியர்ல ஒண்ணு போட்டுட்டுப் போங்க. கசிவு இருந்தா அது நிக்க விடாது, விழுந்துடும்.

குத்தாலத்துப் பையன்:

ஓட்டு வீடுதான் அண்ணே. மெயின் போர்டு கஜா புயலுக்குப் பிறகு மாற்றியது, ஆர்சிடி இல்லை, போட்டுவிடுகிறேன்.

பெயர் மாற்றம் பற்றி: ஆதார் இணைக்கச் சொன்னபோது அம்மாவின் ஆதாரைத்தான் இணைத்தோம். அது போதாதா? அம்மா பெயருக்கு மாற்றினால் சித்தப்பாவும் அத்தையும் வேறு மாதிரி நினைத்துக்கொள்வார்களோ என்று தயக்கம்.

ரேழி வாசி:

ஆதார் இணைப்பு வேறு, பெயர் மாற்றம் வேறு. இணைத்ததால் சர்வீஸ் அம்மா பெயருக்கு வந்துவிடாது. ஈபி அட்டையில் இன்னும் தாத்தா பெயர்தான்.

பெயரை இப்போதே மாற்றுங்கள். மீட்டரை இடம் மாற்றக் கேட்டாலும், நாளை லோடு கூட்டக் கேட்டாலும், "யார் பெயரில் இருக்கு, அவர் எங்கே" என்றுதான் முதலில் கேட்பார்கள். தாத்தாவின் இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, அப்பாவுக்கும் அதே இரண்டு, வீட்டு வரி ரசீது, மற்ற வாரிசுகளின் சம்மதக் கடிதம் எல்லாம் எடுத்து வையுங்கள். வாரிசுச் சான்று இல்லையென்றால் இ-சேவையில் போட்டு, விஏஓ, ஆர்ஐ விசாரணை முடிந்து தாலுகா ஆபீஸிலிருந்து வர வேண்டும். கோவையிலிருந்து இதைத் துரத்துவது லேசில்லை. சித்தப்பாவும் அத்தையும் கூப்பிடு தூரத்தில் இருக்கும்போது கையெழுத்தை வாங்கிவிடுங்கள்.

டெபாசிட் விஷயத்திலும் சம்மதக் கடிதம் முக்கியம். பழைய டெபாசிட்டைப் புதுப் பெயருக்கு மாற்றச் சம்மதம் இருந்தால் அது அப்படியே வரும், இல்லையென்றால் புதிதாகக் கட்டச் சொல்வார்கள்.

குடும்பத்தில் பேச்சு வந்தால் பட்டென்று சொல்லுங்கள்: ஈபி அட்டையில் இருக்கும் பெயர் சொத்துக்கு ஆதாரமில்லை. யார் கரண்ட் பில்லுக்குப் பொறுப்பு என்பதற்கு மேல் அதில் ஒன்றுமில்லை. பாகம் பிரிப்பது பத்திர ஆபீஸ் சங்கதி. இதை மறைத்துச் செய்தால்தான் வம்பு. சித்தப்பாவையே கூட்டிக்கொண்டு செக்‌ஷன் ஆபீஸ் போங்கள், பாதி சந்தேகம் அங்கேயே தீர்ந்துவிடும்.

அப்படியே சர்வீஸ் நம்பரோடு உங்கள் மொபைல் நம்பரைப் பதியச் சொல்லுங்கள். பில் போட்டதும் குறுஞ்செய்தி கோவைக்கு வந்துவிடும். புகார் என்றால் மின்னகம் 94987 94987, 24 மணி நேரமும் எடுப்பார்கள்.

தஞ்சாவூர் தலையாட்டி:

எனக்கு இதில் உடன்பாடில்லை. ஆளில்லாத பழைய வீட்டில் மின் இணைப்பை வைத்திருப்பதே ஆபத்து. மழையில் சர்வீஸ் ஒயர் அறுந்து கொல்லையில் விழுந்தால் யார் பார்ப்பது? மெயினை நிறுத்தினாலும் கம்பத்திலிருந்து மீட்டர் வரை மின்சாரம் இருக்கத்தானே செய்யும்?

பேரளம் வயரிங்:

நியாயமான கேள்வி. அதுக்குத்தான் சர்வீஸ் ஒயர் தென்னை, முருங்கை மேல உரசாம இருக்கான்னு பார்த்துட்டுப் போகணும். உரசினா லைன்மேன்கிட்ட சொல்லி லைனை நிறுத்திட்டு மட்டையை வெட்டுங்க, தொரட்டியைத் தூக்கிட்டு நீங்களா ஏறாதீங்க. பக்கத்து வீட்டுல ஒருத்தர்கிட்ட லைன்மேன் நம்பரைக் குடுத்து வைங்க. வருஷத்துல ரெண்டு தடவை அம்மா வந்து தங்கப் போற வீடு, கரண்ட் இல்லாம எப்படி இருப்பாங்க? ஆறேழு வருஷம் யாருமே வரப்போறதில்லைன்னா நீங்க சொல்றபடி எழுதிக் குடுக்கலாம்.

சிலிண்டர் கணக்கு:

நான் ஒரு கேஸ் ஏஜென்சியில் வேலை பார்க்கிறேன். அதைப் பற்றி யாரும் பேசவில்லையே.

ஒரு குடும்பத்துக்கு ஒரு கனெக்‌ஷன்தான் விதி. அம்மா இனி உங்கள் வீட்டில் உங்கள் அடுப்பில் சாப்பிடப் போகிறார்கள் என்றால் இங்கே சரண்டர் செய்வதே சுத்தம். ரெண்டு சிலிண்டர், ரெகுலேட்டர், எஸ்வி என்கிற கனெக்‌ஷன் பத்திரம், புத்தகம் எல்லாம் கொண்டு போனால் டிவி போட்டுத் தருவார்கள். டெலிவிஷன் இல்லை சார், டெர்மினேஷன் வவுச்சர். எஸ்வியில் எழுதியிருக்கும் டெபாசிட்தான் திரும்பக் கிடைக்கும், இன்றைய 2,200 ரூபாய் கணக்கில் கேட்டு நிற்காதீர்கள். டெபாசிட் சிலிண்டருக்கும் ரெகுலேட்டருக்கும்தான், உள்ளே இருக்கும் கேஸுக்கு இல்லை. ஆகவே தீர்த்துவிட்டுக் கொண்டு வாருங்கள். அடுப்பும் டியூபும் உங்களுடையது. எஸ்வி தொலைந்திருந்தாலும் எழுதிக் கொடுத்து முடிக்கலாம்.

இதைப் படிக்கும் மற்றவர்களுக்கு: அதே ஊருக்குள் வீடு மாறி ஏஜென்சி மட்டும் மாறுகிறது என்றால் சிலிண்டரைத் தூக்கிக்கொண்டு அலைய வேண்டாம். கனெக்‌ஷனை மட்டும் மாற்றித் தருவார்கள். வெளியூர் என்றால்தான் சிலிண்டரை ஒப்படைத்து, வவுச்சரைப் புது ஏஜென்சியில் காட்ட வேண்டும்.

கடைமுழுக்குக்கு வரும்போது சமையலுக்கு 5 கிலோ சிலிண்டர் போதும். அட்ரஸ் ப்ரூஃப் கேட்க மாட்டார்கள், அடையாள அட்டை இருந்தால் சரி. நிறைந்த பெரிய சிலிண்டரை மட்டும் பூட்டிய வீட்டில் விட்டுவிட்டுப் போகாதீர்கள்.

ரேழி வாசி:

மீதி சில்லறை வேலைகள். ஊராட்சிக் குழாய்க்குப் பாக்கி இல்லாமல் கட்டி ரசீது வாங்கிக்கொண்டு, வாசல் குழாயைத் திருகி மூடிவிடுங்கள். கேபிள் பாக்ஸை ஆபரேட்டரிடம் திருப்பிக் கொடுங்கள், அது அவர்கள் பொருள். லேண்ட்லைனுக்குச் சரண்டர் கடிதமும் மோடமும் கொடுத்துவிட்டு ஒப்புகை வாங்குங்கள். இது அப்பா பெயரில் இருந்தால் இறப்புச் சான்று நகல் ஒன்று கூடுதலாக எடுத்துப் போங்கள்.

குத்தாலத்துப் பையன்:

எல்லோருக்கும் நன்றி. சித்தப்பாவிடம் நிலைக்கட்டணம் இல்லை என்பதைச் சொன்னதும் அடங்கிவிட்டார், கையெழுத்துக்கும் வருகிறேன் என்றார். கேஸை அம்மாதான் விடமாட்டேன் என்கிறார்கள், பேசிக்கொண்டிருக்கிறேன்.

கடைசியாக ஒன்று. வயலில் போர் மோட்டார் ஒன்று, தாத்தா பெயரில் விவசாய இலவச சர்வீஸ். குத்தகைக்காரர் குறுவைக்கு இறைக்கிறார். அதையும் இதே மனுவில் சேர்த்துவிடலாமா?

பேரளம் வயரிங்:

சேர்க்காதீங்க, அது வேற சர்வீஸ் நம்பர், வேற மனு. விவசாய சர்வீஸ் சர்வே நம்பரோட கட்டினது. சிட்டா, அடங்கல், விஏஓ சான்று எல்லாம் கேட்பாங்க. பட்டா யார் பேருக்கு மாறுதோ அதுக்கப்பறம் அதைப் பண்ணிக்கலாம், அதுவரை அவர் இறைச்சிக்கிட்டு இருக்கட்டும். அந்த மோட்டார்லேருந்து வீட்டுக்கோ களத்துக்கோ லைட்டு இழுத்திருந்தா மட்டும் இப்பவே கழட்டிடுங்க. குத்தகைக்காரருக்கு அட்டையோட நகல் போதும், ஒரிஜினல் உங்ககிட்டயே இருக்கட்டும்.