தன்வி என்ற பெயருக்கு என்னதான் பொருள்? அவசரம்

கொப்புடையாள்_துணை:
குழந்தைக்குத் தன்வி என்று முடிவு செய்திருக்கிறோம். ஒரு தளத்தில் ஒல்லியானவள், இன்னொன்றில் செல்வம், ஒரு செயலியில் துர்க்கை என்று போட்டிருக்கிறது. எது சரி? வெள்ளிக் கிண்ணத்தைப் பேர் வெட்டக் கொடுத்தாயிற்று, சாயந்திரத்துக்குள் கடைக்காரருக்குச் சொல்ல வேண்டும்.

பள்ளத்தூரான்:
ஆணா பெண்ணா? அதைச் சொல்லாமல் கேட்டால் எப்படி?

எண்கணிதம்_9:
பொருளை விடுங்கள். பிறந்த தேதி சொல்லுங்கள், கூட்டுத்தொகை 5 வந்தால் கண்ணை மூடிக்கொண்டு வைக்கலாம்.

மொட்டைமாடி:
தஞ்சாவூரில் வரும் த-வா, தனலட்சுமியில் வரும் த-வா? தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றுதான், குழப்பமே அங்கேதான். தஞ்சாவூர் த என்றால் வடமொழியில் மெலிந்த உடல்வாகுள்ள பெண். தனலட்சுமி த என்றால் வில்லாளி, தனுசு அதே குடும்பம். விஷ்ணு சகஸ்ரநாமத்தில் "ஈச்வரோ விக்ரமீ தன்வீ" என்று வருவது இதுதான், ஆனால் அது ஆண்பால். செல்வம் என்பது தனம் என்ற வேறு சொல், ஒலியைப் பார்த்து ஒட்டிவிட்டார்கள். துர்க்கையை விடுங்கள், பெண் பெயர் என்றாலே இந்தச் செயலிகள் ஏதாவது ஒரு அம்மனைப் போட்டுவிடும்.

அகராதிப்பிரியன்:
மாதம் ஒருவர் இதையே கேட்கிறீர்கள். பெயர்த் தளங்கள் எல்லாம் ஈயடிச்சான் காப்பி. வடசொல்லுக்கு மோனியர் வில்லியம்ஸின் சமஸ்கிருத அகராதி, தமிழ்ச்சொல்லுக்குச் சென்னைப் பல்கலைக்கழகப் பேரகராதி, 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதியாக வந்தது. இரண்டும் இணையத்தில் இலவசம். தேடச் சோம்பல்பட்டால் நான் என்ன செய்வது?

தேவகோட்டை_ஆச்சி:
அகராதி கிடக்கட்டும் தம்பி, பிள்ளையோட அப்பத்தா பேர் என்ன? மூத்த பெண்ணுக்கு அதைத்தானே வைப்போம். சிகப்பி, மெய்யம்மை, உமையாள் என்று எவ்வளவு இருக்கிறது. சிகப்பி என்றால் சிவந்தவள், இதுக்குச் செயலி வேணுமா?

பள்ளத்தூரான்:
உமையாளில் உமா வடசொல்தானே ஆச்சி. கடைசியில் வரும் "ஆள்" மட்டும்தான் நம்முடையது.

அகராதிப்பிரியன்:
தவம் செய்யக் கிளம்பிய மகளைத் தாய் "உ, மா", அதாவது "அடியே, வேண்டாம்" என்று தடுத்ததால் உமா என்று காளிதாசர் குமாரசம்பவத்தில் சொல்கிறார். அது கவிஞர் விளையாட்டு, சொற்பிறப்பு ஆகாது. அகராதியில் உமாவுக்கு ஆளி விதைச் செடி என்றும் ஒரு பொருள் உண்டு.

தேவகோட்டை_ஆச்சி:
எங்க ஆயா பேரு உமையாள். ஆளி விதையாம்! நல்லா இருக்கு போங்க.

எண்கணிதம்_9:
தேதி இன்னும் வரவில்லையே.

பள்ளத்தூரான்:
கேட்டவரையே காணோம், தேதிக்கு என்ன அவசரம்.

கொப்புடையாள்_துணை:
பெண் குழந்தை, சொல்ல மறந்துவிட்டேன். எந்த த என்று வீட்டில் கேட்டேன், மாமனார் ஒன்று சொல்கிறார், மனைவி ஒன்று சொல்கிறாள். கிண்ணத்தில் தமிழிலேயே வெட்டச் சொல்லிவிட்டேன். பிறப்புச் சான்றிதழில் பெயர் சேர்க்க ஒரு வருஷம் இருக்கிறதாம், அதற்குள் பேசிக்கொள்வார்கள். நன்றி மொட்டைமாடி. ஆச்சி, எங்க ஆத்தா பேரும் உமையாள்தான்.