அரசு ஒப்பந்தத் தகராறில் நடுவர் பாதியில் விலகிவிட்டார்: மாற்று நடுவரைத் துறையே நியமிக்கலாமா?

கேள்வி (ஒப்பந்ததாரர்)

அனைவருக்கும் வணக்கம். ஓர் அரசுத் துறைக்காக நாங்கள் செய்து முடித்த கட்டுமானப் பணியில், கூடுதல் வேலைகளுக்கான தொகையையும் பிணை வைப்புத் தொகையையும் துறை நிறுத்தி வைத்ததால், ஒப்பந்தத்தின் நடுவர் தீர்வுக் கூறின்படி (தகராறை நீதிமன்றத்துக்குப் பதிலாக நடுவரிடம் தீர்த்துக்கொள்ளும் கூறு) உரிமை கோரினோம். "தலைமைப் பொறியாளர் நியமிக்கும் ஒரே நடுவர்" என்பது அந்தக் கூறின் வாசகம். அதன்படி அத்துறையிலிருந்து ஓய்வு பெற்ற ஒரு பொறியாளர் நியமிக்கப்பட்டார். ஒன்பது அமர்வுகள் நடந்து, எங்கள் தரப்புச் சாட்சியின் குறுக்கு விசாரணையும் முடிந்திருந்த நிலையில், உடல்நலக் காரணம் கூறி அவர் பொறுப்பிலிருந்து விலகிக்கொண்டார். இப்போது துறையிலிருந்து வந்த கடிதம், பணியில் இருக்கும் கண்காணிப்புப் பொறியாளர் ஒருவரை மாற்று நடுவராக நியமிக்க உத்தேசித்திருப்பதாகத் தெரிவிக்கிறது.

இதை நாங்கள் ஏற்க வேண்டுமா? ஏற்காவிட்டால் எந்தப் பிரிவின் கீழ், எங்கே போவது? இதுவரை பதிவான சாட்சியம் வீணாகிவிடுமா? உரிமைகோரலும் மறுப்புரையும் முழுமையாகி ஏறத்தாழ பத்து மாதங்கள் ஆகின்றன என்பதையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன்.

பதில் 1 (ஓய்வு பெற்ற பொறியாளர்)

துறையின் பக்கம் இருந்தவன் என்ற முறையில் ஒன்று சொல்கிறேன். இத்தகைய கடிதங்கள் பெரும்பாலும் பழைய கோப்பில் உள்ள வரைவைப் பார்த்து எழுதப்படுபவை. நடுவர் தீர்வுச் சட்டம் 2015இல் மாறியது அந்த வரைவுக்குத் தெரியாது. எனவே கடிதத்தை உள்நோக்கம் கொண்டதாகக் கருதிச் சினம் கொள்ளாமல், உடனே எழுத்தில் மறுப்புத் தெரிவியுங்கள். வாய்மொழியாக "பார்க்கலாம்" என்று சொல்லிவிட்டுக் காத்திருப்பதுதான் ஒப்பந்ததாரர்கள் வழக்கமாகச் செய்யும் தவறு.

பதில் 2 (வழக்குரைஞர்)

1996ஆம் ஆண்டின் நடுவர் தீர்வு மற்றும் சமரசச் சட்டத்தின் 15ஆம் பிரிவின் 2ஆம் உட்பிரிவிலிருந்து தொடங்க வேண்டும். நடுவரின் பொறுப்பு முடிவுக்கு வந்தால், அவரை நியமித்தபோது எந்த விதிகள் பொருந்தினவோ அதே விதிகளின்படி மாற்று நடுவர் நியமிக்கப்பட வேண்டும் என்று அது சொல்கிறது. இங்கே "விதிகள்" என்பது சட்டப்படி இயற்றப்பட்ட விதிகளை மட்டுமல்லாமல், தரப்பினரின் ஒப்பந்தத்தில் உள்ள நியமன முறையையும் குறிக்கும் என்று 2006இல் யஷ்வித் கன்ஸ்ட்ரக்‌ஷன்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. துறையின் கடிதம் இந்த நிலைப்பாட்டைத்தான் நம்பியிருக்கிறது. 2015க்கு முன்பாக இருந்திருந்தால் அதை அசைப்பது கடினம்.

ஆனால் அந்தப் பழைய முறையே இன்று செல்லுமா என்பதுதான் கேள்வி. 2015ஆம் ஆண்டுத் திருத்தம் சேர்த்த 12ஆம் பிரிவின் 5ஆம் உட்பிரிவும் ஏழாவது அட்டவணையும், ஒரு தரப்பின் ஊழியராக இருப்பவர் நடுவராகத் தகுதியற்றவர் என்கின்றன. பணியில் உள்ள கண்காணிப்புப் பொறியாளர் அந்த இடத்திலேயே விலக்கப்படுகிறார். (ஓய்வு பெற்றவர் என்ற ஒரே காரணத்துக்காக முந்தைய நடுவரை அவ்வாறு விலக்க முடியாது, 2017இல் வோஸ்டால்பைன் வழக்கு அதைத் தெளிவாக்கியது.) அதோடு, தாமே நடுவராக இருக்கத் தகுதியற்ற ஒருவர் வேறொருவரை நியமிக்கவும் முடியாது என்று 2017இல் டி.ஆர்.எஃப். வழக்கிலும், வழக்கின் முடிவில் அக்கறை கொண்ட தரப்பு ஒரே நடுவரைத் தானாக நியமிக்கக் கூடாது என்று 2019இல் பெர்கின்ஸ் ஈஸ்ட்மன் வழக்கிலும் தீர்ப்பளிக்கப்பட்டது. 2024 நவம்பர் 8 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, பொதுத்துறை ஒப்பந்தங்களில் இத்தகைய ஒருதலைப்பட்ச நியமனக் கூறு அரசமைப்புச் சட்டத்தின் 14ஆவது உறுப்புக்கு (சமத்துவ உரிமை) முரணானது என்று உறுதி செய்தது. ஆகவே, தலைமைப் பொறியாளர் யாரை நியமித்தாலும் சிக்கல்தான்; ஆளை மாற்றுவதால் தீராது.

எனவே இரு வழிகள். முதலாவது, துறை உங்களோடு சேர்ந்து ஒருவரை ஒப்புக்கொள்வது; சார்பற்ற இரண்டு மூன்று பெயர்களை நீங்களே முன்வைத்து, முப்பது நாளுக்குள் பதில் கேளுங்கள். அது நடக்காவிட்டால், 15ஆம் பிரிவின் 2ஆம் உட்பிரிவோடு சேர்த்து 11ஆம் பிரிவின் 6ஆம் உட்பிரிவின் கீழ், நடுவரை நியமிக்கக் கோரி உயர் நீதிமன்றத்தில் மனு செய்யலாம். இதற்கிடையில் துறை நியமித்தேவிட்டால் கலங்க வேண்டாம். பெர்கின்ஸ் வழக்கிலும் எதிர்த் தரப்பு ஏற்கனவே நியமனத்தைச் செய்திருந்தது. நீதிமன்றம் அதை ரத்து செய்து வேறொருவரை நியமித்தது.

கேட்டவர்

மிக்க நன்றி. இரண்டு ஐயங்கள் உள்ளன. முந்தைய நடுவரையும் தலைமைப் பொறியாளர்தான் நியமித்தார். அப்போது நாங்கள் எதிர்க்காமல் ஒன்பது அமர்வுகளில் கலந்துகொண்டோம். அதனால் எதிர்க்கும் உரிமையை இழந்துவிட்டோமா? அப்படி இழக்கவில்லை என்றால், அந்த அமர்வுகளும் செல்லாமல் போய்விடுமா?

பதில் 3 (வழக்குரைஞர்)

முதல் கேள்விக்கு: இழக்கவில்லை. தகராறு எழுந்த பிறகு, எழுத்தில், வெளிப்படையாகச் செய்துகொள்ளும் உடன்பாட்டினால் மட்டுமே 12ஆம் பிரிவின் 5ஆம் உட்பிரிவின் தடையை விலக்க முடியும். அமர்வுகளில் கலந்துகொண்ட நடத்தையை அதற்கு ஈடாகக் கொள்ள முடியாது என்பது 2019ஆம் ஆண்டின் பாரத் பிராட்பேண்ட் தீர்ப்பு.

இரண்டாவது கேள்விதான் நுட்பமானது. மாற்று நடுவர் வந்தால் முன்பு நடந்த விசாரணையைத் திரும்ப நடத்துவது அவருடைய விருப்புரிமை என்று 15ஆம் பிரிவின் 3ஆம் உட்பிரிவும், நடுவர் மாறியதனால் மட்டுமே முந்தைய உத்தரவுகள் செல்லாதவை ஆகிவிடாது என்று 4ஆம் உட்பிரிவும் கூறுகின்றன. ஆனால் "மாறியதனால் மட்டுமே" என்ற சொற்களைக் கவனியுங்கள்; முதல் நியமனமே குறையுள்ளது என்ற வாதத்துக்கு இந்த உட்பிரிவு முழுக் கவசமாக அமையாது. தீர்ப்பு உங்களுக்குச் சாதகமாக வந்த பின்னர் இந்தக் குறையைத் துறை எழுப்பாமல் இருக்க, பழைய பதிவுகளை இரு தரப்பும் ஏற்பதாகவும், பழைய நியமனத்தின் மீதான ஆட்சேபத்தைக் கைவிடுவதாகவும் கையொப்பமிட்ட கூட்டுக் குறிப்பு ஒன்றைப் புதிய நடுவரின் முதல் அமர்விலேயே தாக்கல் செய்யுங்கள். துறை கையெழுத்திட மறுத்தால் அந்த மறுப்பும் அமர்வின் நடவடிக்கைக் குறிப்பில் பதிவாகட்டும். அப்போது குறுக்கு விசாரணையை மீண்டும் நடத்தச் சொல்லி நீங்களே கேட்பது செலவானாலும் பாதுகாப்பானது.

பதில் 4 (ஓய்வு பெற்ற பொறியாளர்)

பழைய நடுவரிடமிருந்து முழுப் பதிவுக் கட்டையும், செலுத்திய கட்டணத்துக்கான கணக்கையும் இப்போதே எழுத்தில் கேட்டுப் பெறுங்கள். அளவுப் புத்தகத்தின் (செய்த வேலையின் அளவுகளைப் பதியும் ஏடு) நகல்கள் அவரிடம் மட்டுமே இருந்து, பின்னர் துறையிடம் கெஞ்ச வேண்டி வந்த ஒருவரை எனக்குத் தெரியும்.

பதில் 5 (வழக்குரைஞர்)

காலவரம்பை இன்னும் யாரும் தொடவில்லை. 29ஏ பிரிவின்படி, உரிமைகோரலும் மறுப்புரையும் முழுமையான நாளிலிருந்து பன்னிரண்டு மாதங்களுக்குள் தீர்ப்பு வர வேண்டும். இரு தரப்பும் ஒப்புக்கொண்டால் ஆறு மாதங்கள் நீட்டிக்கலாம். அதற்கு மேல் நீதிமன்றம்தான் நீட்டிக்க முடியும். உங்களுக்கு இரண்டு மாதங்களே மீதம் இருக்கின்றன. துறையின் ஒப்புதல் கிடைக்காது என்று தோன்றினால், நீட்டிப்பு மனுவை 11ஆம் பிரிவு மனுவின் முடிவுக்காகக் காத்திராமல் தனியாகத் தயார் செய்யுங்கள். காலம் முடிந்த பின்னரும் அம்மனுவைத் தாக்கல் செய்யலாம் என்று ரோஹன் பில்டர்ஸ் வழக்கில் 2024இல் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. ஆயினும் தாமதத்துக்குப் போதிய காரணம் காட்ட வேண்டியவர் நீங்கள்.

கேட்டவர்

மூன்று பெயர்களுடன் ஆட்சேபக் கடிதத்தை இன்று பதிவு அஞ்சலில் அனுப்பிவிட்டேன். நகலை மின்னஞ்சலிலும் அனுப்பியிருக்கிறேன். முப்பது நாள் கடிதம் கிடைத்த நாளிலிருந்து எண்ணப்படுமா, அனுப்பிய நாளிலிருந்தா?

பதில் 6 (வழக்குரைஞர்)

அவர்களுக்குக் கிடைத்த நாளிலிருந்து. ஒப்புகை அட்டையைப் பத்திரப்படுத்துங்கள்.