நடிகர் மாரிமுத்துவின் கடைசிப் படம் எது?

சீரியல் பிரியன்: ‘எதிர்நீச்சல்’ சீரியலில் ஆதி குணசேகரனாக வரும்வரை மாரிமுத்துவை யாருக்குத் தெரியும்? கடைசிப் படமான ‘ஜெயிலர்’ல்கூட வில்லன் கூட்டத்தில் ஒரு ஆள், அவ்வளவுதான். அவருக்குப் பெயர் வாங்கிக் கொடுத்தது சன் டிவி.

வருசநாட்டான்: உங்களுக்குத் தெரியாது என்று சொல்லுங்கள், ஊருக்கே தெரியாது என்று சொல்லாதீர்கள். 2011இல் ‘யுத்தம் செய்’ படத்தில் போலீஸாக வந்தாரே, பார்த்தீர்களா? ‘பரியேறும் பெருமாள்’ படத்தில் நாயகி ஜோவின் அப்பா? மகள் மேல் பாசம், சொந்தக்காரர்கள் மேல் பயம், நாயகன் பரியன் முன்னால் குற்ற உணர்ச்சி, மூன்றையும் ஒரே முகத்தில் வைத்திருப்பார். அப்புறம், கடைசிப் படம் ‘ஜெயிலர்’ இல்லை. அதற்குப் பிறகும் வந்தது ‘இந்தியன் 2’.

சீரியல் பிரியன்: ‘ஜெயிலர்’ வந்தது 2023 ஆகஸ்ட் 10. அவர் இறந்தது செப்டம்பர் 8. இடையில் ஒரு மாதம்கூட இல்லை. கடைசிப் படம் ‘ஜெயிலர்’தான்.

வருசநாட்டான்: ‘இந்தியன் 2’ 2024 ஜூலையில் வந்தது. அதில் அவர் இருக்கிறாரா, இல்லையா? அதை மட்டும் சொல்லுங்கள்.

மதுரை மீனா: இரண்டு பேரும் படத்தைப் பிடித்துத் தொங்குகிறீர்கள். கடைசியாக அவர் குரல் கொடுத்துக்கொண்டிருந்தது ‘எதிர்நீச்சல்’ டப்பிங்கில். “ஏய், இந்தாம்மா” என்று அவர் அதட்டினால் எங்கள் வீட்டில் எல்லோரும் டிவி பக்கம் திரும்புவோம். அவர் இடத்துக்கு நடிகர் வேல ராமமூர்த்தி வந்த பிறகு நான் பார்ப்பதையே விட்டுவிட்டேன்.

கரிசல்காட்டான்: வேல ராமமூர்த்தியை ஏன் இழுக்கிறீர்கள் அக்கா? இன்னொருவர் ஊன்றிவிட்டுப் போன வேடத்தைப் பாதியில் ஏற்பது லேசுப்பட்ட வேலையா?

மதுரை மீனா: லேசு என்று நான் சொன்னேனா? பிடிக்கவில்லை என்றேன்.

சீரியல் பிரியன்: சினிமா அவருக்கு என்ன செய்தது? ‘கண்ணும் கண்ணும்’, ‘புலிவால்’ என்று இரண்டு படம் இயக்கினார். எத்தனை பேர் பார்த்தார்கள்?

வருசநாட்டான்: அதைச் சொல்ல உங்களுக்கு என்ன தகுதி? பசுமலைத்தேரியிலிருந்து சென்னைக்கு வந்து, வைரமுத்துவிடம் உதவியாளராக இருந்து, ராஜ்கிரண், வசந்த், மணிரத்னம் என்று பலரிடம் உதவி இயக்குநராக வேலை பார்த்தவர். அத்தனை வருடம் கேமராவுக்குப் பின்னால் நின்று கற்றதுதான் குணசேகரனிடம் தெரிந்தது. சீரியல் அவரை உருவாக்கவில்லை, உருவான ஆளைக் கூட்டிக்கொண்டு போனது. போன வருடம் நடிகர் டெல்லி குமாரைப் பற்றிப் பேசியபோதும் நீங்கள் இதே பாட்டைத்தான் பாடினீர்கள், நான் மறக்கவில்லை.

சீரியல் பிரியன்: பழைய கதை வேண்டாம். உயிரோடு இருந்தபோது வந்ததுதான் கடைசிப் படம்.

வருசநாட்டான்: அப்படி யார் சொன்னது? ‘இந்தியன் 2’வில் விவேக்கும் இருக்கிறார், அவரும் படம் வருமுன்பே இறந்தவர்தான். அதுவும் கணக்கில் வராதா?

சீரியல் பிரியன்: ‘ஜெயிலர்’.

வருசநாட்டான்: அதற்குப் பிறகு ‘இந்தியன் 2’. விவேக்கைப் பற்றிக் கேட்டதற்கு இன்னும் பதில் வரவில்லை.